வலை கட்டும் நேரம்: கடலூர் சர்க்கஸ் நாட்கள்

வியாழன் இரவு, புதுச்சேரி

முத்தியால்பேட்டையில் சொந்தக்காரர் வீட்டுக் கல்யாணம். முகூர்த்தம் முடிந்து, சாப்பாடும் முடிந்து, ஒரு தூக்கமும் போட்டுவிட்டு மாலையில் கடற்கரைச் சாலைப் பக்கம் நடந்தேன். அந்தச் சாலையைப் பற்றி எழுத எனக்கு ஒன்றும் மிச்சமில்லை. காந்தி சிலை, பழைய கலங்கரை விளக்கம், பாறைமேல் ஏறி நின்று செல்ஃபி எடுக்கும் கூட்டம் எல்லாவற்றையும் பலர் எழுதிவிட்டார்கள். மாலையில் வண்டிகளை நிறுத்திவிடுவதால் நடக்கச் சுகமாக இருக்கிறது, அவ்வளவுதான்.

சிலைக்குக் கொஞ்சம் தள்ளி ஒரு வடநாட்டுப் பையன் மூன்று பந்துகளைத் தூக்கிப்போட்டுப் பிடித்துக்கொண்டிருந்தான். காசுக்காக இல்லை, சும்மா. குழந்தைகள் வாயைப் பிளந்து நின்றார்கள். சுண்டல் விற்கிறவர் என்னைப் பார்த்து, “இது இன்னா சார், மஞ்சக்குப்பத்துல சர்க்கஸ் போட்டிருக்கான். அதுல ஒருத்தர் அஞ்சு போடுறாரு. போய்ப் பாருங்க” என்றார்.

திங்கள்வரை லீவு இருக்கிறது. போவது என்று அங்கேயே முடிவு செய்துவிட்டேன். சர்க்கஸுக்குப் போகிறவர்கள் உயரத்தில் ஊஞ்சல் விட்டு ஊஞ்சல் தாவும் ட்ரபீஸ் பார்க்கப் போவார்கள். எனக்குச் சின்ன வயதிலிருந்தே இப்படிப் பந்து போட்டுப் பிடிக்கும் ஜக்லர்மேல்தான் கண்.

வெள்ளி, கடலூர்

புதுச்சேரியிலிருந்து கடலூர் 25 கிலோமீட்டருக்குள்தான். அரியாங்குப்பம், தவளக்குப்பம், கன்னியக்கோயில். எல்லை வரப்போகிறது என்பதைப் பலகை சொல்வதற்கு முன்பே ஒயின்ஷாப்புகள் சொல்லிவிடுகின்றன. தென்பெண்ணைப் பாலம் தாண்டினால் கொஞ்ச நேரத்தில் மஞ்சக்குப்பம். மைதானத்தில் மஞ்சளும் சிவப்புமாகக் கூடாரம், வாசலில் சவுக்குக் கட்டை அடித்த டிக்கெட் கவுன்ட்டர், பக்கத்தில் மிளகாய் பஜ்ஜிக் கடை.

நாலு மணி ஷோவுக்கு கேலரி பாதிகூட நிரம்பவில்லை. எத்தியோப்பியப் பையன்கள் ஒருவர்மேல் ஒருவர் ஏறி நின்றார்கள். மணிப்பூர்ப் பெண் ஒருத்தி நீளத் துணியில் தன்னைச் சுற்றிக்கொண்டு கூடாரத்தின் உச்சியிலிருந்து உருண்டு இறங்கினாள். அதெல்லாம் நன்றாகவே இருந்தது. கடைசி ஐட்டம் ட்ரபீஸ். அதற்கு முந்தியதுதான் நான் பார்க்க வந்தது.

ஐம்பது வயதைத் தாண்டியவர். கொஞ்சம் தொப்பை. ஜிகினா வைத்த நீலச் சட்டை. வந்ததும் வணக்கம்கூடச் சொல்லவில்லை, மூன்று பந்தை மேலே விட்டார். மூன்று நான்காகி, நான்கு ஐந்தானது எப்போது என்று தெரியவில்லை. ஐந்து வரும்போது முகம் மாறியது, உடம்பு அசைவதே நின்றுபோனது, முழங்கைக்குக் கீழேதான் வேலை. கூட்டம் கை தட்டவில்லை. எனக்குப் பக்கத்தில் ஒரு அம்மா பிள்ளைக்கு பாப்கார்ன் ஊட்டிக்கொண்டிருந்தார். அப்புறம் வளையங்கள். வளையங்களை ஒவ்வொன்றாகக் கழுத்தில் மாலைபோல இறக்கிக்கொண்டு முடித்தபோதுதான் கை தட்டல் வந்தது. அடுத்து கிளப் எனப்படும் கழுத்து மெலிந்த கட்டைகள். ஒன்றைத் தவறவிட்டார், மறுபடியும் தவறவிட்டார், மூன்றாவது முறை முதுகுக்குப் பின்னாலிருந்து எறிந்து முன்னால் பிடித்தார். கூடாரமே அதிர்ந்தது. அதோடு போவார் என்று பார்த்தால் போகவில்லை. ஜோக்கரின் தொப்பியைப் பிடுங்கித் தலைக்கும் காலுக்கும் நடுவே விளையாட ஆரம்பித்தார். ஜோக்கர் முகத்தைப் பார்த்தால் அவருக்கே இது எதிர்பாராதது போலிருந்தது.

அப்போதுதான் பின்னால் பார்த்தேன். அரை இருட்டில் ஏழெட்டுப் பேர் ட்ரபீஸ் வலையை இழுத்துக் கட்டிக்கொண்டிருந்தார்கள். ஒரு மூலைக் கயிறு சிக்கிக்கொண்டிருந்தது.

ஷோ முடிந்து மேனேஜரிடம் கேட்டுக்கொண்டு கூடாரத்தின் பின்பக்கம் போனேன். உடை மாற்றிக்கொண்டு லுங்கியில் உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருந்தார். பண்ருட்டிப் பக்கத்து ஆள். பேச்சில் மலையாளமும் இந்தியும் ஆங்காங்கே வந்து விழுகின்றன.

“எழுதுங்க தம்பி, பேரு மட்டும் வேணாம்” என்றார். பிறகு, “நான் எவ்ளோ நேரம் போட்டேன்னு பாத்தீங்களா?”

“பார்க்கலண்ணே.”

“பதினோரு நிமிஷம். அது ஆறு நிமிஷ ஐட்டம்.”

சனி, தேவனாம்பட்டினம்

நாளைக் காலையில் வா என்று அவரே சொல்லியிருந்தார். சில்வர் பீச்சில் வெயில் ஏறுவதற்கு முன்பு தினமும் பயிற்சி. கடலுக்கு முதுகைக் காட்டி, மேற்கே பார்த்து நிற்கிறார். உதிக்கிற சூரியன் கண்ணில் படக்கூடாது. காற்று விடியற்காலையில் கரையிலிருந்து கடலுக்குப் போகும், வெயில் ஏறினால் திரும்பிக்கொள்ளும். அந்த நேரத்தில் வளையம் போட்டால் பட்டம்தான் விட வேண்டும் என்கிறார். கட்டை காற்றை மதிக்காது. பந்து நடுத்தரம்.

பயிற்சிப் பந்துகள் அவரே செய்தவை. பழைய டென்னிஸ் பந்தில் பிளேடால் ஒரு கீறல் போட்டு, உள்ளே கேழ்வரகு நிரப்பி, சைக்கிள் ட்யூப் பசையால் ஒட்டிவிடுகிறார். கனம் வந்துவிடும். கீழே விழுந்தாலும் துள்ளி ஓடாது. ஷோவுக்கு வைத்திருக்கும் சிலிகான் பந்துகள் வெளிநாட்டுச் சரக்கு, விலை அதிகம். அவற்றைக் கடற்கரைக்குக் கொண்டுவருவதில்லை.

நான் அவர் கையையே பார்த்துக்கொண்டிருந்தேன். அதைக் கவனித்துவிட்டார். “கையைப் பாத்தா ஒண்ணும் தெரியாது. மேல பாருங்க.” பந்து ஏறி, நின்று, இறங்கத் தொடங்கும் அந்த உச்சியில்தான் அவர் கண் இருக்கிறது. கையை ஒருபோதும் பார்ப்பதில்லை. உச்சியில் பந்து எங்கே நிற்கிறது என்று தெரிந்தால் எங்கே இறங்கும் என்று கைக்குத் தெரியும். ஆகவே பிடிப்பது வித்தையே இல்லை, எறிவதுதான் வித்தை. ஒழுங்காக எறிந்த பந்து தானாகக் கையில் வந்து உட்காரும். ஓடிப்போய்ப் பிடிக்கிறவனைப் பார்த்தால் அவன் எறி சரியில்லை என்று அர்த்தம், கூட்டம் அவனுக்குத்தான் அதிகம் கை தட்டும் என்று சொல்லிச் சிரித்தார்.

மூன்று, ஐந்து, ஏழு என்று ஒற்றைப்படையில் வந்தால் பந்துகள் ஒரு கையிலிருந்து மறு கைக்குக் குறுக்கே போகும். நான்கு, ஆறு என்றால் பெரும்பாலும் குறுக்கே போகாது, வலது கையில் இரண்டு, இடது கையில் இரண்டு என்று தனித்தனியாக ஓடும். பார்க்கிறவர்களுக்கு எல்லாம் ஒரே சுழல்தான்.

எண்ணிக்கை கூடக்கூட ஏன் கஷ்டம் என்று கேட்டேன். “மூணுக்கு நெஞ்சு உசரம். அஞ்சுக்குத் தலைக்கு மேல. ஏழுக்குக் கூடாரத்துல பாதி” என்றார். லாட்ஜுக்கு வந்து கணக்குப் போட்டுப் பார்த்தேன். தகவல் கோட்பாட்டை 1948ல் எழுதிய அமெரிக்கக் கணித மேதை கிளாட் ஷானனுக்கு இந்த வித்தையில் பைத்தியம். ஒற்றைச் சக்கர சைக்கிளில் போய்க்கொண்டே பந்து போடுவார், எஃகுக் குண்டுகளை மேளத்தின்மேல் துள்ளவிட்டுப் பிடிக்கும் ஓர் இயந்திரம்கூடச் செய்தார். அவர் எழுதி வைத்த சமன்பாடு இது: பந்து காற்றில் இருக்கும் நேரத்தையும் கையில் தங்கும் நேரத்தையும் கூட்டிக் கைகளின் எண்ணிக்கையால் பெருக்க வேண்டும். கை பந்தோடு இருக்கும் நேரத்தையும் வெறுமனே இருக்கும் நேரத்தையும் கூட்டிப் பந்துகளின் எண்ணிக்கையால் பெருக்க வேண்டும். இரண்டும் சமம். கையில் பந்து 0.35 வினாடி தங்குகிறது, கை 0.2 வினாடி வெறுமனே இருக்கிறது என்று வைத்துக்கொண்டால், மூன்று பந்துக்குக் கைக்கு மேலே ஓர் அடிக்குள் எறிந்தால் போதும். கையின் வேகத்தை மாற்றாமல் ஐந்து போட நாலேகால் அடி வேண்டும். ஏழுக்குப் பத்தடி. அண்ணன் சொன்னது சரிதான். பத்தடி உயரம் போகும் பந்து கையை விடும்போது துளி சாய்ந்தாலும் இறங்கும் இடம் ஒரு முழம் தள்ளிப்போகும்.

பண்ருட்டிப் பக்கம் அவர் அப்பா முந்திரிக் காட்டில் கூலி. ஊருக்கு வந்த சர்க்கஸோடு பதினோரு வயதில் போய்விட்டார். இன்று அப்படிப் போக முடியாது. சர்க்கஸில் குழந்தைகளை வேலைக்கு வைக்கக் கூடாது என்று 2011 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. நல்லதுதான் என்று அவரே சொல்கிறார். “நான் சந்தோஷமா வந்தேன். என்கூட வந்த பசங்க எல்லாரும் அப்படி இல்ல.” மேலே பேசவில்லை, நானும் கேட்கவில்லை.

கற்றுக்கொடுத்த ஆசான் கேரளத்துத் தலச்சேரிக்காரர். இந்தியச் சர்க்கஸின் கதையில் தலச்சேரி வராத பக்கமே கிடையாது. விஷ்ணுபந்த் சத்ரே என்ற மராட்டியர் 1880ல் பம்பாயில் நம்மவர்களின் முதல் சர்க்கஸை நடத்திக் காட்டினார். கீலேரி குஞ்ஞிக்கண்ணன் தலச்சேரிக்குப் பக்கத்தில் சிறக்கரையில் 1901ல் பயிற்சிப் பள்ளி தொடங்கினார். பின்னாளில் நாடெங்கும் சுற்றிய பல கம்பெனிகளின் முதலாளிகளும் ஆட்டக்காரர்களும் அந்த வட்டாரத்திலிருந்து வந்தவர்கள்தான்.

ஆசான் முதலில் பந்தையே கொடுக்கவில்லையாம். கூடாரத்துத் துணிக்கு ஒரு சாண் தள்ளி நிற்கவைத்து, வெறும் கையை அசைக்கச் சொன்னார். பிறகு ஒரு பந்து. துணி முன்னால் இருப்பதால் பந்தை முன்னே எறிய முடியாது, நேராக மேலேதான் போக வேண்டும். புதிதாகக் கற்கிற எல்லோருக்கும் பந்து முன்னால்தான் ஓடும், அதன் பின்னால் அவர்களும் ஓடுவார்கள். மூன்று பந்து சில நாளில் யாருக்கும் வந்துவிடும். ஐந்து உறுதியாக நிற்க அவருக்கு இரண்டு மழைக்காலம் ஆனது. மழைக்காலம் என்று சொல்வதற்குக் காரணம் உண்டு. மழையில் ஷோ நடக்காது, பயிற்சிதான்.

திரும்பும் வழியில் புனித டேவிட் கோட்டையின் மிச்சத்தைப் பார்த்தோம். 1690ல் ஆங்கிலேயக் கம்பெனி மராட்டியரிடமிருந்து இந்தக் கோட்டையை விலைக்கு வாங்கியபோது, பீரங்கியைச் சுட்டு குண்டு விழும் தூரம் வரையுள்ள நிலமும் அவர்களுக்கு என்று பேச்சு. சுட்டார்கள். அப்படிக் கைமாறிய ஊர்களுக்குக் குண்டு கிராமங்கள் என்றே பெயர். குண்டு உப்பலவாடி இன்றும் இருக்கிறது, ஊருக்குள் குண்டு சாலையும் இருக்கிறது. 1758ல் பிரெஞ்சுக்காரர்கள் வந்து கோட்டையை இடித்தார்கள். இதை அண்ணனிடம் சொன்னேன்.

“அவன் எறிஞ்சது விழுந்தா ஊரே அவனுக்கு. நான் எறிஞ்சது விழுந்தா மேனேஜர் கூப்பிடுறாரு.”

அப்புறம் பால் சின்குவேலியைப் பற்றிச் சொன்னேன். போலந்தில் பிறந்து லண்டன் மேடைகளில் கொடிகட்டிப் பறந்தவர், பீரங்கிக் குண்டை மேலே எறிந்து பிடரியில் வாங்குவார். அண்ணன் தன் பிடரியைத் தடவிக்கொண்டார். “சம்பளம் எவ்ளோவாம்?”

அவருக்கு மாதச் சம்பளம். சாப்பாடும் தங்கும் கூடாரமும் கம்பெனி பொறுப்பு. மனைவி நேபாளத்துக்காரர், முன்பு சைக்கிள் ஐட்டம் செய்தவர், இப்போது எல்லோருக்கும் உடை தைக்கிறார். மகன் கோவையில் மெக்கானிக். ஒரு பந்தைக்கூடத் தொட்டதில்லை.

ஞாயிறு, மஞ்சக்குப்பம்

ஒரு மணி, நாலு மணி, ஏழு மணி. மூன்று ஷோவையும் திரைக்குப் பின்னாலிருந்து பார்க்க அனுமதி வாங்கிக் கொடுத்தார். இன்றைக்குக் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன்.

மதிய ஷோவுக்கு அவர் சிவப்புப் பந்துகளை எடுத்தார். உச்சி வெயிலில் கூடாரத் துணி முழுக்க மஞ்சளாக ஒளிரும். வெள்ளைப் பந்து மேலே போனால் அதில் கரைந்துவிடும். இரவு ஷோவுக்கு வெள்ளை. அப்போது எல்.ஈ.டி. விளக்குகள்தான் எதிரி. முதல் நாளே லைட் பையனைக் கூப்பிட்டு, இரண்டு விளக்குகளைத் தன் கண்ணுக்கு நேராக வராதபடி திருப்பச் சொல்லிவிடுவார். கடலூரில் இன்னொரு தொல்லை வியர்வை. கடற்காற்றில் கை காயவே காயாது. இடுப்பில் ஒரு சின்னத் துணிப் பையில் முகப்பவுடர், கூட்டத்துக்கு வணக்கம் சொல்வதுபோல இரண்டு கையையும் அதில் தட்டிக்கொள்கிறார். வெள்ளிக்கிழமை வணக்கம் சொல்லாததற்குக் காரணம் பவுடர் தீர்ந்துபோயிருந்ததாம்.

வலைக்கு வருகிறேன். ட்ரபீஸுக்கு வலை கட்டாமல் யாரும் மேலே ஏறக்கூடாது. கட்ட நேரம் பிடிக்கும். அந்த நேரத்தில் கூட்டம் எழுந்து போய்விடாமல் இருக்க ஒருவர் வேண்டும். தரையில் அதிக இடம் கேட்காத, சாமான் அதிகம் இல்லாத, எந்த நிமிடத்திலும் நிறுத்தக்கூடிய, எந்த நிமிடத்திலும் நீட்டக்கூடிய ஐட்டம் ஒன்றே ஒன்றுதான். அதனால் ஜக்லர். முன்பு புலி, சிங்கம் இருந்த காலத்தில் ஆடுகளத்தைச் சுற்றி இரும்புக் கூண்டு கட்டுவார்கள், அப்போதும் இவர்தான். கரடி, குரங்கு, புலி, சிறுத்தை, சிங்கம் ஆகியவற்றை வைத்து வேடிக்கை காட்டக் கூடாது என்று மத்திய அரசு 1998ல் அறிவித்ததையும் 2001ல் உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்ததையும் அவர் தன் கணக்கில் சொல்கிறார்: “கூண்டு போச்சு. வலை இருக்கு. புலி இருந்த பத்து நிமிஷமும் என் தலையில வந்துச்சு.”

வலைக் கயிற்றை இழுப்பவர்களின் தலைவர் பீகார்க்காரர். அவருக்கும் அண்ணனுக்கும் நடுவே ஒரு ஏற்பாடு. வலையின் முதல் இரண்டு மூலை முடிந்ததும் ஒரு விசில். நாலும் முடிந்ததும் இரண்டு விசில். கூட்டத்துக்கு அது பேண்டோடு சேர்ந்த சத்தம். முதல் விசில் வந்தால் பந்திலிருந்து வளையத்துக்கு, இரண்டாவது வந்தால் கழுத்தில் மாலையோடு முடித்துவிட வேண்டும். விசில் வரவே இல்லை என்றால் தொப்பி, குடை, நெற்றியில் குச்சி என்று கையிருப்பை இறக்க வேண்டும். இதை அவர் பந்து காற்றில் இருக்கும்போதே முடிவு செய்கிறார். ஐந்து பந்தை விடாமல் போட்டபடி காதை விசிலுக்குக் கொடுத்திருக்கும் ஒரு மனிதரை இன்று நான் பத்தடி தூரத்தில் நின்று பார்த்தேன். ட்ரபீஸ்காரர்களுக்கு உயரம் தொழில். இவருக்கு நேரம்தான் தொழில் என்று எனக்குப் பட்டது. காற்றில் கால் வினாடி, தரையில் கால் மணி, இரண்டையும் ஒரே ஆள் பார்த்துக்கொள்கிறார்.

மதிய ஷோவில் வலை சீக்கிரம் முடிந்துவிட்டது. நாலே நிமிடத்தில் இரண்டு விசில். ஐந்து பந்துக்கு அப்போதுதான் வந்திருந்தார். அதை அப்படியே கைவிட்டு, வளையத்துக்குத் தாவி, மாலை போட்டு, வெளியே வந்தார். திரைக்குப் பின்னால் வந்ததும் மலையாளத்தில் ஒரு வார்த்தை. அதை இங்கே எழுத முடியாது.

இனி அந்தத் தவறவிடும் விஷயம். கட்டை வரைக்கும் போன மற்ற இரண்டு ஷோவிலும் அதே இடத்தில் அதே கட்டை கீழே விழுந்தது. வேண்டுமென்றேதான். “ஒரு தடவை விழுந்தாத்தான் இது கஷ்டம்னு அவங்களுக்குத் தெரியும்” என்கிறார். அவர் சொல்வதில் நியாயம் இருக்கிறது. வெள்ளிக்கிழமை நானே பார்த்தேன், ஐந்து பந்துக்கு வராத கை தட்டல் இதற்கு வந்தது. ஆனாலும் எனக்கு இது ஒப்பவில்லை. கஷ்டமே தெரியாமல் செய்ய வாழ்நாளைச் செலவழித்துவிட்டு, கடைசியில் கஷ்டத்தை நடித்துக் காட்ட வேண்டியிருக்கிறதே என்ற எரிச்சல். அவரிடமே சொன்னேன்.

“உங்களுக்கு அஞ்சு புரியுது, தட்டுறீங்க. கேலரியில உக்காந்திருக்கிற ஆயா டிக்கெட் வாங்கலையா?” என்றார். பதில் சொல்லத் தெரியவில்லை. எரிச்சலும் போகவில்லை.

ஏழு மணி ஷோ ஹவுஸ்ஃபுல். குழந்தைகளின் சத்தத்தில் பேண்டே கேட்கவில்லை. ஐந்து பந்து ஓடிக்கொண்டிருக்கும்போது ஒன்று மற்றொன்றை மேலே உரசியது. இரண்டும் விழுந்தன. இது நடிப்பில்லை. அவர் முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. மிச்சம் மூன்றையும் நிறுத்தாமல் போட்டுக்கொண்டே, விழுந்த ஒன்றைக் காலால் புரட்டிப் பாதத்தின்மேல் ஏற்றி, உதைத்து மேலே அனுப்பி நான்காக்கினார். ஐந்தாவதை ஜோக்கர் தயாராக எடுத்து வைத்திருந்தார், சரியான தாளத்தில் எறிந்தார். மறுபடியும் ஐந்து. கூட்டம் அது ஐட்டத்தின் பகுதி என்றே நினைத்தது. வெளியே வந்தவர் உட்கார்ந்து, இடது மணிக்கட்டைச் சுற்றித் துணியைக் கட்டிக்கொண்டார். சில மாதமாக அங்கே வலி. டாக்டர் ஓய்வு எடுக்கச் சொல்லியிருக்கிறார். வலை யார் கட்டுவது என்று கேட்டாராம் இவர். டாக்டருக்குப் புரியவில்லை.

இரவு பரோட்டா சாப்பிடும்போது ரஸ்தெல்லி பேச்சு வந்தது. என்ரிக்கோ ரஸ்தெல்லி, இத்தாலிய சர்க்கஸ் குடும்பத்துப் பிள்ளை, 1896ல் ரஷ்யாவின் சமாராவில் பிறந்தவர், பத்துப் பந்து போட்டவர். 1931 டிசம்பரில் பெர்காமோவில் இறந்தபோது வயது 34. இறுதி ஊர்வலத்தில் ஆயிரக்கணக்கான பேர். அண்ணன் போனில் அவருடைய பழைய கறுப்பு வெள்ளைப் படங்களைப் பார்த்திருக்கிறார். இப்போதெல்லாம் பள்ளிக்கூடப் பையன்கள் ஏழு போட்டு வீடியோ விடுவதையும் பார்க்கிறார். பொறாமை இல்லையா என்றேன். “விழுந்ததை வெட்டிட்டுப் போடுறாங்க தம்பி. நல்லாத்தான் போடுறாங்க. ஆனா வெட்டுறாங்க.”

2020 ஊரடங்கில் ஓர் ஊரில் மாட்டிக்கொண்டு மாதக்கணக்கில் ஷோ இல்லாமல் இருந்ததைப் பற்றியும் சொன்னார். ஊர்க்காரர்கள் அரிசி கொடுத்தார்களாம். பயிற்சிப் பந்தில் இருந்த கேழ்வரகைப் பிரித்துக் கூழ் காய்ச்சினீர்களா என்று கிண்டலாகக் கேட்டேன். சிரிக்கவில்லை. “அதுல வண்டு வந்துடுச்சு” என்றார்.

திங்கள், திருப்பாதிரிப்புலியூர்

மதிய ஷோவுக்கு முன்னால் பாடலீஸ்வரர் கோயிலுக்குப் போனோம். சாமி கும்பிட்டுவிட்டு சன்னதித் தெருவில் பூ வாங்க நின்றோம். அண்ணனுக்குக் கை சும்மா இருக்காது. பக்கத்துக் கடை எலுமிச்சம்பழத்தில் மூன்றை எடுத்துப் போட ஆரம்பித்தார். பூக்கார ஆயா நிமிர்ந்து பார்த்தார்.

“இத நாங்க பாவாடை கட்டுற வயசுல ஆடியிருக்கோம். இதான அம்மானை?”

கொடு என்று கையை நீட்டினார். உட்கார்ந்தபடியே மூன்று பழத்தையும் போட்டார். அவர் போடும் விதம் வேறு. வலது கை எறிகிறது, இடது கை பிடித்து வலதுக்குத் தள்ளிவிடுகிறது, பழங்கள் ஒரே வட்டமாகச் சுற்றுகின்றன. கூடவே ஏதோ முணுமுணுத்தார். பல்லில்லாத வாய், வார்த்தை சரியாகப் பிடிபடவில்லை.

அம்மானை நம் இலக்கியத்தில் பழைய ஆட்டம். சிலப்பதிகாரத்தின் வாழ்த்துக்காதையில் அம்மானை வரி இருக்கிறது. மாணிக்கவாசகர் திருவண்ணாமலையில் பாடிய திருவம்மானை, பெண்கள் காய் எறிந்து ஆடிக்கொண்டே பாடும் பாட்டாக அமைந்தது. கலம்பகங்களில் வரும் அம்மானையில் மூன்று பெண்கள். ஒருத்தி ஒன்றைச் சொல்ல, இரண்டாமவள் மடக்கிக் கேள்வி கேட்க, மூன்றாமவள் பதில் சொல்லி முடிப்பாள். இதையெல்லாம் நான் படித்ததுதான். கை அசைவதை இன்றுதான் பார்த்தேன்.

“பாட்டு முடியற வரைக்கும் காய் கீழ விழக்கூடாது. விழுந்தா அடுத்தவளுக்குப் போயிடும்” என்றார் ஆயா.

அண்ணனுக்கு இது ரொம்பப் பிடித்துவிட்டது. “உங்களுக்குப் பாட்டு, எனக்கு வலையா ஆயா?” என்றார். ஆயாவுக்கு விளங்கவில்லை. பூவுக்குக் காசு வாங்கிக்கொண்டு, பழத்தை எண்ணி வைத்துவிட்டுப் போகச் சொன்னார்.

டீக்கடையில் அவருக்கு ராமசாமி கதையைச் சொன்னேன். 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தென்னிந்தியாவிலிருந்து லண்டன் போன வித்தைக்காரர். அங்கே ராமோ சாமி என்று விளம்பரம் செய்தார்கள். 1819ல் அமெரிக்காவிலும் ஆடினார். அந்தக் காலத்தில் அங்கே போன நம் வித்தைக்காரர்களைப் பற்றி ஹாஸ்லிட் என்ற ஆங்கிலக் கட்டுரையாளர் எழுதியிருக்கிறார்: வெள்ளை உடை, தலைப்பாகை, தரையில் உட்கார்ந்து இரண்டு பித்தளைப் பந்தில் ஆரம்பித்து நான்கு வரை. ராமசாமி 1850ல் லண்டனிலேயே செத்தார். அடக்கச் செலவுக்குப் பணமில்லாமல் மனைவி பத்திரிகை வழியாக உதவி கேட்க வேண்டியிருந்தது.

அண்ணன் உச்சுக் கொட்டுவார் என்று எதிர்பார்த்தேன். அவர் வேறு யோசனையில் இருந்தார். “உக்காந்துக்கிட்டா? அப்ப கையோட உசரமே கம்மி. பித்தளைன்னா கனம், மேல விட்டா விரல் போயிடும். தாழ்வாத்தான் போட்டிருப்பாரு, வேகமா.” டீ கிளாஸை வைத்துவிட்டுக் கையை மடியில் வைத்து அசைத்துப் பார்த்தார். “நாலு சரி. எவ்ளோ நேரம் போட்டாருன்னு எழுதியிருக்கா?”

அந்தக் கட்டுரையில் நிமிடக் கணக்கு கிடையாது என்றேன்.

“அதத்தான மொதல்ல எழுதணும்” என்று சொல்லிவிட்டு ஆட்டோவைக் கூப்பிட்டார். ஒரு மணி ஷோவுக்கு நேரமாகிவிட்டது.

எனக்கு இரவு பஸ். அடுத்த கேம்ப் விழுப்புரமா, கும்பகோணமா என்று மேனேஜர் இன்னும் அவர்களுக்குச் சொல்லவில்லை. மஞ்சக்குப்பத்தில் இன்னும் ஒரு வாரமாவது இருப்பார்கள் என்றுதான் பேச்சு. போகிறவர்கள் நாலு மணி ஷோவுக்கு மேற்குப் பக்க கேலரியில் உட்காருங்கள். எதிர்ப் பக்கம் உட்கார்ந்தால் சாயும் வெயில் துணி வழியாகக் கண்ணில் அடிக்கும், பந்து மேலே போனதும் காணாமல் போய்விடும். ஐந்து பந்து வரும்போது யாராவது ஒருத்தர் கை தட்டுங்கள். பாப்கார்னை இடைவேளையில் வாங்கிக்கொள்ளலாம்.